மறுக்கா அலச ஒரு குழாய்

என் பணிக்காலத்தின் கடைசிப் பதினோரு வருடங்கள் குடிநீர்த் திட்டங்களின் மதிப்பீடுகளைச் சரிபார்க்கும் பிரிவில் கழிந்தன. தாமிரபரணித் தண்ணீரை, அந்த ஆற்றைக் கண்ணால் பார்த்திராத ஊர்களுக்கெல்லாம் காகிதத்தில் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறேன். எந்தக் குழாய்க்கு எத்தனை அங்குல விட்டம், எங்கே வால்வு வர வேண்டும், எந்தத் தாளில் யார் கையெழுத்து, அந்தக் கையெழுத்து வராவிட்டால் எத்தனையாவது நாளில் நினைவூட்டல் அனுப்ப வேண்டும், எல்லாம் தெரியும். அப்படிப்பட்டவனுக்கு என் வீட்டு அடுக்களையில், சுவரிலிருந்து பாத்திரம் வரை ஒன்றரை அடி தூரத்துக்குத் தண்ணீரைக் கொண்டுபோகப் பத்தொன்பது நாள் ஆயிற்று.

போன ஆனி மாதம் ஒரு காலையில் என் மனைவி காபி டம்ளரை என்னிடம் நீட்டினாள். நான் வாங்குவதற்கு முன்பே அது கீழே விழுந்தது. எடுக்கக் குனிந்தவள் அப்படியே பக்கவாட்டில் சரிந்து உட்கார்ந்தாள். பாளையங்கோட்டையில் ஆஸ்பத்திரியில் பதினாறு நாள் இருந்தோம். பேச்சு திரும்பி வந்தது. நடையும், வலது காலைக் கொஞ்சம் இழுத்துக்கொண்டு, திரும்பி வந்தது. வலது கை மட்டும் வரவில்லை. "வரும், பயிற்சி செய்யச் செய்ய வரும்" என்றார் பயிற்சி கொடுக்க வந்தவர். எப்போது வரும் என்று கேட்டேன். அதைச் சொல்ல முடியாது என்றார். இதே பதிலை இதே முகத்தோடு எத்தனை பஞ்சாயத்துத் தலைவர்களுக்கு நான் சொல்லியிருப்பேன். அவர்கள் ஏன் பதில் பேசாமல் எழுந்து போனார்கள் என்பது அன்றைக்குத்தான் புரிந்தது.

வீட்டுக்கு வந்தபின் அவள் அடுக்களையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பப் பிடித்தாள். இடது கையால் அடுப்பைப் பற்றவைத்தாள். இடது கையால் தாளித்தாள்; கடுகு பாதி சட்டியிலும் பாதி மேடையிலும் வெடித்தது. காய் நறுக்குவது என் பொறுப்பு. நான் நறுக்கிய வெண்டைக்காயைப் பார்த்துவிட்டு, "இத சாம்பார்ல போடவா, ஜன்னலுக்கு முட்டுக் குடுக்கவா?" என்று கேட்டாள். கேட்கும் அளவுக்குத் தேறிவிட்டாள் என்று சந்தோஷப்பட்டேன். அவளால் முடியாமல் போன காரியம் ஒன்றே ஒன்றுதான். அது பாத்திரம் அலசுவது.

தேய்ப்பதைச் சொல்லவில்லை. தேய்ப்பது எங்கள் வீட்டில் பின்கட்டுக் குழாயடியில் நடக்கும். ஐம்பது வயதைத் தாண்டிய ஒரு பெண்மணி பத்தொன்பது வருடமாகக் காலையில் வந்து தேய்த்து, கழுவி, பிளாஸ்டிக் கூடையில் கவிழ்த்துவிட்டுப் போகிறார். அவர் வாசல் தாண்டியதும் என் மனைவி கூடையை உள்ளே இழுத்து, ஒவ்வொரு பாத்திரத்தையும் அடுக்களைக் குழாயில் மறுபடி அலசித்தான் அலமாரியில் ஏற்றுவாள். டீ வடிகட்டி வரைக்கும். என் அம்மா காலத்திலும் அப்படித்தான், அவள் பிறந்த வீட்டிலும் அப்படித்தான். ஏன் என்று யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. என்னை யாராவது கேட்டிருந்தால் சுகாதாரம் என்று சொல்லியிருப்பேன். எதற்கும் ஒரு கௌரவமான தலைப்பு வைத்துக் கோப்பில் சேர்ப்பதுதானே என் தொழில். கழுவியவர் எந்தத் தெருவிலிருந்து வருகிறார் என்பதுதான் காரணம் என்பது எனக்குத் தெரியும், என் மனைவிக்கும் தெரியும். அந்தப் பெண்மணிக்குத் தெரியாது என்பது எங்கள் இருவரின் அனுமானம்.

கை விழுந்த பிறகு அலசும் வேலையை நான் எடுத்துக்கொண்டேன். அவள் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்ப்பாள். "அடியில விரலு போகல." "காதுக்குள்ள தண்ணி விடுங்க." "அந்தக் கரண்டியத் திருப்பவே இல்ல." தணிக்கைக் குழுவே என் கோப்புகளை இவ்வளவு நுணுக்கமாகப் பார்த்ததில்லை.

"நீயே சொல்லு, இதுக்கு மேல எப்படி அலசணும்?"

"சொல்லி வாரதில்ல அது. நீங்க அலசுனத நான் ஒரு தரம் அலசுனாத்தான் எனக்கு நெஞ்சு ஆறும்."

ஒருநாள் நான் குளித்துவிட்டு வரும்போது அவள் தனியாக அலசிக்கொண்டிருந்தாள். சாம்பார்ச் சட்டியைக் கழுவும் தொட்டியின் விளிம்புக்கும் வயிற்றுக்கும் நடுவில் முட்டுக் கொடுத்து, இடது கையால் திருப்பப் பார்த்திருக்கிறாள். சட்டி நழுவிக் குழாயின் கீழே வாய் மேலாக விழுந்து, தண்ணீர் முழுதும் அவள் மேல் தெறித்துக்கொண்டிருந்தது. குழாயை மூடக்கூடத் தோன்றாமல் நின்றாள். நான் மூடினேன். சேலை நெஞ்சு வரைக்கும் நனைந்திருந்தது.

"என் கை பட்டு ஒரு பாத்திரமாவது உள்ள வரணும்" என்றாள். "இல்லன்னா நான் எதுக்கு இங்கன?"

ஆஸ்பத்திரியில்கூட அவள் இப்படிக் கேட்டதில்லை. அன்றிலிருந்து எனக்கு வேறு வேலை எதுவும் பெரிதாகத் தெரியவில்லை. அவள் கையால் ஒரு பாத்திரம். அதற்கு என்ன வழி?

பெங்களூரில் இருக்கும் மகளிடம் போனில் சொன்னேன். "பாத்திரத்தத் தண்ணிக்குக் கொண்டு போறதாலதான்பா கஷ்டம். தண்ணியப் பாத்திரத்துக்குக் கொண்டு வாங்க" என்றாள். பொறியியல் படித்தவள். மூன்றாம் நாள் ஒரு அட்டைப்பெட்டி வந்தது. உள்ளே ஒரு நீண்ட வெள்ளிநிறக் குழல், அதன் நுனியில் விசை வைத்த ஒரு தலை, இரண்டு வாஷர், ஒரு கொக்கி. ஸ்பிரேயர் என்று பெட்டியில் எழுதியிருந்தது. இருக்கிற குழாயோடு இதை இணைத்துவிட்டால் போதும். பாத்திரம் தொட்டியிலேயே கிடக்கும். தலையைக் கையில் பிடித்து விசையை அழுத்தினால் தண்ணீர் பீய்ச்சும். எனக்கு யோசனை பிடித்திருந்தது. கோட்பாட்டு அளவில் ஒரு குறையும் சொல்ல முடியாது.

என் மனைவி அதைப் பெட்டியிலேயே வைத்துச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள்.

"இது கக்கூஸ்ல மாட்டுததுலா?"

உண்மைதான். மகள் வீட்டுக் கழிப்பறையில் சுவரில் தொங்குவதும் இதுவும் அண்ணன் தம்பி மாதிரி இருந்தன. இது சமையலறைக்கென்றே செய்தது என்று பெட்டியில் இருந்த படத்தைக் காட்டினேன். படத்தில் ஒரு வெள்ளைக்காரி தக்காளி கழுவிக்கொண்டிருந்தாள்.

"அவ கழுவுவா. அவளுக்கென்ன."

இரண்டு நாள் பெட்டி முன்னறையிலேயே இருந்தது. மூன்றாம் நாள் அவளே, "சரி, அடுக்களைக்குள்ள கொண்டு போகுததுக்கு முன்ன மஞ்சத் தண்ணில முக்கி எடுங்க" என்றாள். அனுமதி வந்துவிட்டது. முக்கி எடுத்தேன்.

செய்முறைத் தாளில் பதினோரு படிகள் இருந்தன. முதல் படி: இருக்கிற குழாயின் வாயிலுள்ள மூடியைத் திருகிக் கழற்றவும். எங்கள் குழாய் வீடு கட்டிய காலத்துப் பித்தளைக் குழாய். அதன் வாயில் மூடியும் இல்லை, மரையும் இல்லை, ஒரே வழவழப்பு. ஆகவே முதல் படியிலேயே திட்டம் நின்றது. நான் விடவில்லை. ஒரு முழுத்தாளில் குழாயின் படத்தை வரைந்து, அளவுகள் குறித்து, சுவருக்கும் குழாய்க்கும் நடுவில் ஒரு 'டீ' இணைப்புப் போட்டு அதன் ஒரு கிளையிலிருந்து குழலை எடுக்கலாம் என்று மாற்று முன்மொழிவு எழுதினேன். ஜங்ஷன் பக்கம் பைப் கடையில் அந்தத் தாளைக் காட்டியபோது கடைக்காரர், "அண்ணாச்சி, இது வீட்டுக்கா, மணிமுத்தாறு அணைக்கா?" என்று கேட்டார். 'டீ'யும் வெள்ளை டேப்பும் கிடைத்தன. சுவரிலிருந்து குழாயைக் கழற்றுவதுதான் மிச்சம். நான் ஸ்பேனரைப் போட்டு ஒரு சுற்றுச் சுற்றப் பார்த்ததில் குழாய் அசையவில்லை, என் தோள்பட்டை அசைந்தது. பிளம்பரைக் கூப்பிட்டேன்.

"நாளைக்கு வாரேன் அண்ணாச்சி" என்றார்.

இந்த வாக்கியத்தை எட்டு நாள் கேட்டேன். முதல் நினைவூட்டல், இரண்டாம் நினைவூட்டல், நேரில் சந்தித்தல் என்று முறைப்படி எல்லாம் செய்தேன். அவர் ஒரு தடவைகூட வரமாட்டேன் என்று சொல்லவில்லை. எனக்குத் தெரிந்த எந்த விதியாலும் 'நாளைக்கு' என்ற சொல்லை ஒன்றும் செய்ய முடியாது. நாங்களே பயன்படுத்திய ஆயுதம். அந்த எட்டு நாளும் என் மனைவி காலையில் கூடை உள்ளே வரும்போது எழுந்து நிற்பாள். நான் அலசி முடித்ததும் உட்காருவாள்.

ஒன்பதாம் நாள் பிளம்பர் வந்தார். நாற்பது வயது மனிதர், காதில் பென்சில். ஸ்பிரேயரைக் கையில் எடுத்து எடை பார்த்தார். "நல்ல சாமானு" என்றபடி நேராகக் குளியலறைப் பக்கம் நடந்தார்.

"ஏ, அங்கன கொண்டு போகாதீரும்!"

உடம்பு சரியில்லாமல் போனதிலிருந்து என் மனைவி இவ்வளவு சத்தமாகப் பேசியதில்லை. பிளம்பர் ஒரு காலைத் தூக்கியபடியே நின்றார்.

"பாத்ரூம் இங்கனதான ஆச்சி?"

"அது அடுக்களைக்கு!"

"அடுக்களைக்கா?" என்று என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். அவர் ஸ்பிரேயரை ஒரு தடவை திருப்பிப் பார்த்தார். பிறகு, பெரியவர்கள் வீட்டில் எதையும் கேட்கக் கூடாது என்ற முகத்தோடு திரும்பி வந்தார்.

"வாசப்படிக்குள்ள போயிட்டுதா?" என்று என் மனைவி கேட்டாள்.

"காலு மட்டுந்தான் ஆச்சி வச்சேன். கையி வெளியத்தான இருந்துது."

கை வெளியே இருந்ததா உள்ளே போனதா என்று கொஞ்ச நேரம் விசாரணை நடந்தது. சாட்சி நான் ஒருவன்தான். வெளியே என்று சொன்னேன். இருந்தாலும் இன்னொரு தடவை மஞ்சள் தண்ணீரில் முக்கினோம்.

அடுத்து எந்தத் தண்ணீர் என்ற கேள்வி வந்தது. எங்கள் அடுக்களையில் இரண்டு குழாய். ஒன்று ஆற்றுத் தண்ணீர்; தெருக் குழாயிலிருந்து ஒருநாள் விட்டு ஒருநாள் வருவதை, ஜன்னலுக்கு வெளியே சன்ஷேடில் வைத்திருக்கும் ஒரு சின்னத் தொட்டியில் பிடித்துவைத்துக்கொள்வோம். மற்றது போர்த் தண்ணீர். மொட்டைமாடித் தொட்டியிலிருந்து இறங்குவது, கொஞ்சம் உப்பு. என் மனைவி பாத்திரத்தை அலசுவது ஆற்றுத் தண்ணீரில்தான்.

"ஆத்துத் தண்ணிக் குழாயில மாட்டும்" என்றாள்.

பிளம்பர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார். "தொட்டி தாழக் கெடக்கு ஆச்சி. வேகம் பத்தாது. போர் லைன்ல குடுத்தா நல்லாப் பீச்சும்."

"போர்த் தண்ணில அலசுனா வெள்ளை பூக்கும். அலசுனதும் ஒண்ணு, அலசாததும் ஒண்ணு. ஆத்துத் தண்ணிதான்."

அவர் என்னைப் பார்த்தார். தண்ணீரின் அழுத்தம் என்பது அது நிற்கும் உயரம். குழாய்க்கு நாலடி மேலே இருக்கும் தொட்டி இந்த மெல்லிய குழலுக்குள் புகுந்து அந்த ஊசித் துளைகளின் வழியே என்னத்தைத் தள்ளும்? இதைக்கூடப் பார்க்காத மதிப்பீடுகளைச் சிவப்பு மையில் குறித்துத் திருப்பி அனுப்பியவன் நான். ஆனால் ஆனி மாதத்துக்குப் பிறகு அவள் எதையும் இப்படி உறுதியாகக் கேட்டதில்லை. கஞ்சியா தோசையா என்றால்கூட "எதானாலும் சரி" என்பாள். இன்று 'ஆத்துத் தண்ணிதான்' என்கிறாள்.

"ஆச்சி சொல்லுத மாதிரியே மாட்டிரும்" என்றேன்.

பிளம்பர் என் பக்கம் குனிந்து, "அண்ணாச்சி, நீங்க தண்ணி ஆபீஸ்லதான இருந்தீய?" என்றார்.

"ஆமா."

"சும்மா கேட்டேன்."

ஒன்றரை மணி நேரம் வேலை செய்தார். பித்தளைக் குழாய் ஒரு முனகலோடு கழன்று வந்தது. சுவரிலிருந்து ஒரு பிடி காரையும் வந்தது. 'டீ' உட்கார்ந்தது. குழலை மாட்டி, கொக்கியைச் சுவரில் அடித்துத் தலையைத் தொங்கவிட்டார். என் மனைவி எழுந்து வந்து இடது கையால் எடுத்து, தொட்டிக்கு நேரே பிடித்து, விசையை அழுத்தினாள்.

தலையின் விளிம்பிலிருந்து சொட்டுச் சொட்டாக வந்தது. மூக்குச் சளி மாதிரி என்றுதான் சொல்ல வேண்டும். அவள் இன்னும் அழுத்தினாள். கட்டைவிரல் வெளுத்தது. அதே சொட்டு.

"சொன்னேம்லா" என்றார் பிளம்பர், பைய.

அவள் அவரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தாள். "உங்களுக்குத் தெரியுமா, இது வராதுன்னு?"

"தெரியும்."

"பின்ன ஏன் சொல்லல?"

"நீ அதுதான் வேணும்னு சொன்னே..."

"எனக்குக் கைதான் வரல. காது கேக்கும்" என்றாள். ஸ்பிரேயரை என் கையில் கொடுத்துவிட்டு முன்னறைக்குப் போய்விட்டாள்.

போர் லைனுக்கு மாற்ற நிப்பிள் என்ற இணைப்புத் துண்டு இன்னொன்று வேண்டும் என்றார் பிளம்பர். கடை பூட்டியிருக்கும், நாளைக்கு வருகிறேன் என்றார். அந்த நாளை ஆறாவது நாள் வந்தது. இந்தத் தடவை நான் நினைவூட்டல் அனுப்பவில்லை. எனக்கே வெட்கமாக இருந்தது. அந்த ஆறு நாளில் என் மனைவி ஒரே ஒரு தடவைதான் அதைப் பற்றிப் பேசினாள். "போர்த் தண்ணின்னாலும் பரவாயில்ல. தொடச்சு வச்சுக்கலாம். என் கையால நடந்தாப் போதும்."

அவர் வந்தது காலை எட்டு மணிக்கு முன்னால். வழக்கமாக அந்த நேரத்தில் பிளம்பர்கள் வருவதில்லை என்பதால், அதை நான் எந்தத் திட்டத்திலும் சேர்த்திருக்கவில்லை. பின்கட்டில் அந்தப் பெண்மணி பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தார். பத்து நிமிடத்தில் இணைப்பு மாறியது. விசையை அழுத்தினால், அடேயப்பா, தொட்டியின் அடியில் அடித்து எதிர்ச்சுவர் வரைக்கும் தெறித்தது. என் மனைவியின் முகத்தை அப்போது பார்த்தேன். நான் மாதக்கணக்காகத் தேடிக்கொண்டிருந்த முகம்.

அவசரத்தில் அவள் ஒரு காரியம் செய்தாள். பின்கதவுப் பக்கம் திரும்பி, "ஏளா, அந்தச் சருவச்சட்டிய இங்கன நீட்டு" என்றாள்.

அந்தப் பெண்மணி அப்போதுதான் கழுவிக் கவிழ்த்த சட்டியைக் கொண்டுவந்து படிக்கு வெளியே நின்று நீட்டினார். நான் வாங்கித் தொட்டியில் வைத்தேன். என் மனைவி இடது கையில் ஸ்பிரேயரைப் பிடித்து அழுத்தினாள். தண்ணீர் வேகமாக அடித்தது. அந்த வேகத்தில் சட்டி தொட்டிக்குள் பம்பரமாகச் சுழன்றது. ஒரு கை பிடித்துக்கொண்டால் நிற்கும். பிடிக்க வேண்டிய கை வலது கை. அவள் ஸ்பிரேயரைக் கீழே வைத்தாள். இடது கையால் வலது கையைத் தூக்கிச் சட்டியின் விளிம்பில் வைத்தாள், ஒரு பொருளை எடுத்து வைப்பது போல. மறுபடி அழுத்தினாள். சட்டி சுழன்றது, கை நழுவித் தொட்டிக்குள் விழுந்தது.

செய்முறைத் தாளின் பதினோரு படிகளிலும், நான் வரைந்த படத்திலும், மகளின் யோசனையிலும், பாத்திரத்தைப் பிடிக்க ஒரு கை வேண்டும் என்பது இல்லை. நான் ஓடிப்போய்ச் சட்டியைப் பிடித்தேன். அவள் பீய்ச்சியது சட்டியின் வளைவில் பட்டு என் கண்ணாடியில் அடித்தது. எனக்கு ஒன்றும் தெரியவில்லை. பிடித்துக்கொண்டே நின்றேன்.

"ஆச்சி, அது கழுவுனது" என்றார் அந்தப் பெண்மணி, வாசலில் நின்றபடி.

"தெரியும்ளா. குழாய் எப்படி இருக்குன்னு சும்மா பாக்கேன்."

"கூடையில கெடக்க எல்லாத்தையும் சும்மாதான் பாப்பியளா?"

பிளம்பர் தன் பைக்குள் எதையோ தேட ஆரம்பித்தார். நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

"என்ன சொல்லுத நீ?" என்றாள் என் மனைவி.

"ஒண்ணும் சொல்லல. தெருமுக்கு திரும்புததுக்குள்ள டங்கு டங்குன்னு சத்தம் கேக்கும்லா. பத்தொம்பது வருசமாக் கேக்கேன்."

என் மனைவி சுவரைப் பார்த்துச் சொன்னாள்: "பின்னால போர்த் தண்ணில்லா. வெள்ளை பூக்கும். அதுக்காக ஆத்துத் தண்ணில ஒரு தரம்..."

"இப்ப இது என்ன தண்ணி?"

பிளம்பர் பைக்குள்ளிருந்து தலையைத் தூக்கினார். "இதுவும் போர்த் தண்ணிதான் அக்கா" என்றார். கேட்ட கேள்விக்கு நேர்மையாகப் பதில் சொன்ன ஒரே ஆள் அன்றைக்கு அவர்தான்.

அந்தப் பெண்மணி சிரித்தார். கோபச் சிரிப்பில்லை, அதுதான் இன்னும் சங்கடமாக இருந்தது. "நான் கோவிச்சுச் சொல்லல ஆச்சி. நீங்க மறுக்கா அலசுதீயன்னு தெரிஞ்சதும் எனக்கும் சோலி கொறஞ்சு போச்சு. எப்படியும் உள்ள ஒரு அலசல் இருக்குலா, நுரை இருந்தா இருந்துட்டுப் போகட்டும்னு கவுத்திட்டுப் போயிருவேன்."

எனக்குத் தலைக்குள் ஒரு மணி அடித்தது. 'பாத்தீயளா, இன்னும் சோப்பு வழுவழுங்கு. அலசாம எப்படி உள்ள ஏத்த?' என்று என் மனைவி எத்தனை தடவை கேட்டிருக்கிறாள். அதுதான் எங்களிடம் இருந்த ஆதாரம். என் பிரிவில் கணக்குப் போடும் எழுத்தர்கள் இதைத்தான் செய்தார்கள்: மேலே ஒருவன் சரிபார்க்கிறான் என்று கூட்டலை அப்படியே விட்டுவிடுவார்கள். நானும் என் மேலதிகாரி பார்ப்பார் என்று சிலதை விட்டதுண்டு. எல்லோரும் பார்த்த தாளில் யாருமே பார்க்காத பிழை இருக்கும். இது தெரிந்தும், என் வீட்டு அடுக்களையில் அது பத்தொன்பது வருடம் நடந்ததை நான் காணவில்லை.

"அப்ப இவ்வளவு நாளும் நாங்க..." என்று ஆரம்பித்தேன். ஆனியிலிருந்து அலசியது நான்தான்.

"ஐயா பயப்படாதீய. ஆச்சி ஆஸ்பத்திரில கெடந்தாவள்ளா, அன்னையிலேருந்து நல்லா மூணு தண்ணி விட்டுத்தான் வைக்கேன். ஐயா அலசுத அலச நம்பி விட முடியுமா?"

பிளம்பர் இப்போது பைக்குள் முகத்தையே வைத்துக்கொண்டார்.

அவரிடம் நாங்கள் ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். பத்தொன்பது வருடத்துக்குச் சேர்த்து, வாய்விட்டு, ஒரு வாக்கியம். எனக்கு வந்ததெல்லாம் விளக்கமாகத்தான் வந்தது, விளக்கம் சொன்னால் இன்னும் மோசமாகும் என்ற அளவுக்கு மட்டும் புத்தி இருந்தது. என் மனைவி விசையிலிருந்து கட்டைவிரலை எடுத்தாள். ஸ்பிரேயரைக் கொக்கியில் மாட்டினாள். இரண்டாவது தடவையில்தான் மாட்டியது.

"ஏளா, நீயே உள்ள கொண்டாந்து அடுக்கிரு" என்றாள்.

அவர் உடனே வரவில்லை. "காலு ஈரமா இருக்கு" என்றார். பிறகு முந்தானையால் பாதங்களைத் துடைத்துக்கொண்டு, கூடையைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்தார். இந்த அடுக்களைக்குள் அவர் வருவது அதுதான் முதல் தடவை. எதையும் சுற்றிப் பார்க்கவில்லை.

"சருவச்சட்டி எங்கன?"

"கீழ, வலது பக்கம்."

"இட்லித் தட்டு?"

"அது மேல, கொக்கில."

"இந்தப் போணி?"

என் மனைவி அந்த அகலவாய்ப் பாத்திரத்தைப் பார்த்தாள். "எங்கன வேணும்னாலும் வையி" என்றுவிட்டு முன்னறைக்குப் போய்விட்டாள். அதன் இடம் அவளுக்குத் தெரியாமல் இல்லை. கண்ணை மூடிக்கொண்டு எடுப்பாள்.

அன்றிலிருந்து கூடை நேராக உள்ளே வருகிறது. அந்தப் பெண்மணி சுத்தமாகக் கழுவுகிறார், சரியாக அடுக்குகிறார். குறை சொல்ல எதுவும் இல்லை. குறை சொல்ல ஏதாவது இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் அடுக்கும் நேரத்தில் என் மனைவி முன்னறையில் உட்கார்ந்து, பயிற்சிக்குக் கொடுத்த ரப்பர் பந்தை வலது உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். பந்து கசங்காது.

ஒருநாள் கேட்டேன், "ஒரு டம்ளராவது நீ அலசிப் பாக்கியா? நான் பிடிச்சுக்கிடுதேன்."

"அதான் சுத்தமா இருக்கே. எதுக்கு?"

எதற்கு என்பதுதான் இத்தனை நாளும் இருந்தது; அதை எடுத்துவிட்டோம். கை வரும் என்று சொல்லலாம். எப்போது என்று கேட்பாள்.

"அந்தக் குழலக் கழத்தச் சொல்லிருங்க" என்றாள் அவளே. "போகும்போது வரும்போது இடிக்கி."

பிளம்பருக்கு நான் போன் செய்யவில்லை. செய்தால், என் அதிர்ஷ்டத்துக்கு அன்றைக்கே வந்து நிற்பார் என்று ஒரு பயம். நாளைக்குச் சொல்கிறேன் என்று அவளிடம் சொல்லிவைத்தேன்.

போன வெள்ளிக்கிழமை மத்தியானம், அவள் தூங்குகிறாள் என்று நினைத்து முன்னறையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். அடுக்களையில் தண்ணீர் பீய்ச்சும் சத்தம் கேட்டது. நின்றது. ஒரு டம்ளர் தொட்டியில் விழுந்து உருண்டது. மறுபடி பீய்ச்சும் சத்தம். மறுபடி டம்ளர். எழுந்து அடுக்களை வாசல் வரைக்கும் போனேன். கதவு பாதி சாத்தியிருந்தது. அவள் முதுகு மட்டும் தெரிந்தது; இடது தோள் உயர்ந்து இறங்கியது. தொட்டிக்கு வெளியே தரையெல்லாம் ஈரம். உள்ளே போய் டம்ளரைப் பிடிக்கலாம். பிடித்தால் அது நான் பிடித்ததாகிவிடும். வழுக்கிவிடப் போகிறது என்று சொல்லலாம். சொன்னால் நான் பார்த்ததாகிவிடும்.

மூன்றாவது தடவை டம்ளர் விழுந்தபோது நான் சத்தமில்லாமல் திரும்பி வந்து, செருப்பை மாட்டிக்கொண்டு, பால் வாங்கி வருவதாக வாசலிலிருந்து குரல் கொடுத்துவிட்டுத் தெருவில் இறங்கினேன். வீட்டில் பால் இருந்தது.